படிக்காமல் போட்ட ஓட்டுகள்

அறிவழகனின் கதைக்கு விழுந்த முதல் ஓட்டு அவருடைய முன்பல்லை உடைத்தது. இண்டூர் டீக்கடையில் உட்கார்ந்திருந்தார்; பக்கத்தில் கை ஓங்கியவர் யாருமில்லை. இரண்டாவது ஓட்டில் மூக்கு உடைந்து ரத்தம் டீயில் சொட்டியது. கடைக்காரர் டம்ளரை மாற்றிக் கொடுத்தார்.

அந்தச் சிறுகதைப் போட்டியை இணையத்தில் நடத்தியவர் பாப்பிரெட்டிப்பட்டியில் செல்போன் கடை வைத்திருக்கும் வீரமணி. போன ஆண்டு சொந்த மச்சானுக்கே பரிசு கொடுத்தார் என்று பேச்சு எழுந்ததால், இம்முறை யார் யாருக்கு ஓட்டுப் போட்டார் என்பது எல்லோர் கண்ணிலும் படும்படி வைத்தார். இண்டூர்க்காரர்கள் அதை மொய்யாக எடுத்துக்கொண்டார்கள். தக்காளி வியாபாரியான அறிவழகன் எந்தக் கல்யாணத்திலும் மொய் வைக்காமல் திரும்பியதில்லை. பெயர் தெரிகிற இடத்தில் திருப்பிச் செய்யாமல் இருக்க முடியுமா? கதையை ஒருவரும் திறக்கவில்லை. மனைவி மணிமேகலை மட்டும் முழுதாகப் படித்துவிட்டுப் போட்டார். அந்த ஓட்டு வலிக்கவில்லை. படிக்காத ஓட்டுதான் அடிக்கிறது என்று ஊருக்கு விளங்கியது. விளங்கியும் நிற்கவில்லை. ஆடி பிறப்பதற்குள் இடது கை முறிந்தது, ஒரு காது போனது, அதுவரை முன்னணியில் இருந்த மொரப்பூர் சமரீனை முந்தி அவர் முதலிடத்துக்கு வந்தார்.

மணிமேகலை வீடு வீடாகப் போனார். "மாமா, நாலு பக்கந்தாங்க. படிச்சிட்டுப் போடுங்க. மனுசன் செத்துருவாரு." மூத்த பங்காளி மாதுவுக்கு மனம் நொந்துவிட்டது. "எம் பொண்ணு கல்யாணத்துல அவன் மொய் வெச்சப்ப, மாப்பிள்ளை எப்பிடின்னு விசாரிச்சிட்டா வெச்சான்? போம்மா அந்தாண்ட."

திரும்பி வந்து கணவரிடம் சொன்னார்: "ஏங்க, போட்டியே வேணாம்னு வெலகிடுங்க."

"செய்ய வர்றவங்க கையத் தட்டி வுடறதா? நாளைக்கு எந்த மூஞ்சிய வெச்சிகிட்டு அவங்க வூட்டு வாசப்படிய மிதிப்பேன்?" என்றார் அறிவழகன், மிச்சமிருந்த பற்களுக்கிடையே.

கடைசி நாள் உறவுமுறை மொத்தமும் சேர்ந்து போட்டது. விலா எலும்புகள் வரிசையாக முறியும் சத்தம் தெருமுனை வரை கேட்டது. மாதுவின் ஓட்டில் மண்டை பிளந்தது. முதல் பரிசு என்று வீரமணி அறிவித்தபோது உடலைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார்கள். போட்டியில் குறை சொல்ல ஒருவராலும் முடியவில்லை. எல்லாப் பெயர்களும் திரையில் இருந்தன. சுடுகாட்டுப் பாதையில் பாடைமேல் உடல் ஒருமுறை துள்ளி விழுந்தது. நேரம் முடிந்தது தெரியாமல் யாரோ வெளியூரிலிருந்து போடுகிறார்கள் என்று பேசிக்கொண்டு, தூக்கியவர்கள் தோள் மாற்றி நடந்தார்கள்.