எள்ளு வறுபடும் நேரம்

இரண்டாயிரத்து ஆறாம் ஆண்டு ஒக்டோபர் முதல் கிழமை, சிறிதேவி ஏழு நாள் விடுமுறையில் பேர்கனிலிருந்து ஒஸ்லோவுக்கு வந்திருந்தாள். ஸ்டோவ்னரில், அண்ணன் சற்குணத்தின் வீட்டில் தங்கல். வந்து மூன்று நாளாகியும் அவள் பார்த்ததெல்லாம் சமையலறைகள்தான். ஞாயிற்றுக்கிழமை அண்ணன் வீட்டில் நண்டுக்கறி. திங்கட்கிழமை அண்ணன் மனைவி, மச்சாள் சத்தியபாமாவின் தங்கை வீட்டில், கறி வைத்துச் சுருட்டிப் பொரிக்கும் றோல்ஸ் அறுபது. "தேவி ஆஸ்பத்திரிக் குசினியில வேலை செய்யிறவள். அவளுக்கு இதெல்லாம் ஒரு வேலையே" என்று சத்தியபாமா போகுமிடமெல்லாம் சொன்னாள். பெருமையாகத்தான் சொன்னாள். ஆனால் சொல்லி முடிக்கும்போது சிறிதேவியின் கையில் ஒரு கத்தி இருக்கும்.

அவளுக்கு வயது நாற்பத்தொன்று. கணவர் விவாகரத்து வாங்கிக்கொண்டு டென்மார்க்குக்குப் போய் நான்கு வருடம். அதைப் பற்றி யாரும் அவள் முகத்துக்கு முன்னால் கேட்பதில்லை. அவள் உள்ளே வெங்காயம் வெட்டிக்கொண்டிருக்கும்போது கூடத்தில் குரல்கள் தாழும். தன்னைப் பற்றித்தான் என்று அவளுக்குத் தெரியும். இன்னும் கொஞ்ச நேரம் வெங்காயம் வெட்டுவாள்.

செவ்வாய்க்கிழமை கொத்தமல்லி வாங்கக் கடைத்தொகுதிக்குப் போனபோது அறிவிப்புப் பலகையில் ஒரு தாளைக் கண்டாள். குவாதமாலாவின் மாயா மக்களின் பாரம்பரியச் சமையல், புதனும் வியாழனும், காலை பதினொரு மணி, குடியிருப்போர் மண்டபச் சமையலறை. இரண்டு கைகளுக்கு நடுவே ஒரு சோள ரொட்டி இருக்கும் படம். மாயா மக்களைப் பற்றி அவளுக்கு ஒன்றும் தெரியாது. அதுதான் அவளை இழுத்தது. ஒன்றுமே தெரியாத ஒரு சமையலில், "நீ கெட்டிக்காரி, நீயே செய்" என்று யாரும் சொல்ல முடியாது. அங்கேயே நின்று தொலைபேசியில் பெயரைப் பதிந்தாள்.

புதன்கிழமை மண்டபத்தில் எட்டுப் பேர் இருந்தார்கள். சொல்லிக்கொடுக்க வந்தவரின் பெயர் மார்த்தா. ஐம்பத்தைந்து வயதிருக்கும், குள்ளமான உருவம், நிறம் நிறமாக நெய்த மேற்சட்டை. இருபது வருடத்துக்கு முன் தன் நாட்டுச் சண்டைக்குத் தப்பி நோர்வேக்கு வந்தவர். ஒவ்வொரு அடுப்புக்கும் இரண்டு பேராகப் பிரித்தபோது சிறிதேவியையும் ஓரத்தில் நின்ற ஒருவரையும் பார்த்து, "நீங்கள் இருவரும் ஒரே மொழிதானே, சேர்ந்து நில்லுங்கள்" என்றார்.

அவர் உயரமானவர், காதோரம் நரை. பெயர் ஜெகதீஸ்வரன் என்றார். லில்லெஸ்ட்ரோமில் இருக்கிறாராம், பஸ் ஓட்டுகிறாராம். தான் பேர்கனிலிருந்து விடுமுறைக்கு வந்திருப்பதாக அவள் சொன்னாள். அடுத்த கேள்வி ஊர் எது, யாருடைய பிள்ளை என்றுதான் வரப்போகிறது என்று சிறிதேவி தன்னை இறுக்கிக்கொண்டாள்.

"லீவில வந்து நிண்டுமோ சமைக்கிறியள்?" என்றுதான் அவர் கேட்டார்.

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "இது சமைக்கிறதில்லை. பழகிறது. வித்தியாசம் இருக்கு."

"ஓம், இருக்கு" என்றார் அவர். வெறும் மரியாதைக்குச் சொன்னதாகத் தெரியவில்லை.

மார்த்தா முதலில் காய்ந்த சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் அவிக்க வைத்தார். இரவு முழுவதும் ஊறினால்தான் தோல் கழன்று வரும், அரைத்தால் மா ஒட்டும், நாளைக்குத்தான் ரொட்டி என்றார். இன்று பெபியான் என்ற குழம்புக்கு விதைகளும் மிளகாயும் வறுத்துப் பொடியாக்க வேண்டும். "மிளகாய், பூசணி விதை, எள்ளு. தனித்தனியாக. எள்ளு கடைசியில், ஏனென்றால் எள்ளுக்குப் பொறுமை கிடையாது."

காய்ந்த மிளகாய் தாச்சியில் பட்டதும் எட்டுப் பேரும் இருமினார்கள். ஜெகதீஸ்வரனும் இருமினார். அவர் விதை வறுத்த விதத்தைச் சிறிதேவி கவனித்தாள். தாச்சியை மணிக்கட்டால் எறிந்து பிடிக்கிற கை. வீட்டில் சமைக்கிறவரின் கை அல்ல அது. கேட்கலாமா என்று நினைத்துவிட்டு, அவிந்த சோளம் ஊறும் தொட்டிப் பக்கம் போனாள்.

அங்கே நிற்கும்போதுதான் எரிகிற மணம் வந்தது. திரும்பிப் பார்த்தாள். அடுத்த அடுப்பிலிருந்த நோர்வேக்காரரும் மூக்கைச் சுளித்துத் திரும்பினார். ஜெகதீஸ்வரன் அடுப்புக்குப் பக்கத்திலேயே குனிந்து நின்று, மார்த்தா சொன்ன அளவுகளை ஒரு சின்னக் கொப்பியில் எழுதிக்கொண்டிருந்தார். தாச்சி அவர் முழங்கைக்கு ஒரு சாண் தள்ளி. எள்ளு கறுத்துப் புகை எழும்பியது. அவர் எழுதிக்கொண்டேயிருந்தார்.

"எரியுது" என்றாள் சிறிதேவி, ஓடிவந்து அடுப்பை அணைத்தபடி.

அவர் நிமிர்ந்தார். முகம் வெளிறியது. "கதைச்சுக்கொண்டு நிண்டதில…" என்று தொடங்கி நிறுத்தினார். அவர் யாரோடும் கதைத்துக்கொண்டு நிற்கவில்லை.

மார்த்தா வந்து தோளைத் தட்டினார். "எள்ளு நிறைய இருக்கிறது. திரும்ப வறுங்கள்." இரண்டாம் தடவை சிறிதேவி வறுத்தாள். அவர் கைகளைக் கட்டிக்கொண்டு நின்றார்.

கோப்பி குடிக்க இடைவேளை விட்டபோது அவர் யன்னலோரம் தனியாக இருந்தார். சிறிதேவி தன் கோப்பையோடு போய்ப் பக்கத்தில் இருந்தாள். ஆஸ்பத்திரிக் குசினியில் பதினொரு வருடம் வேலை. மணமும் ருசியும் தெரியாமல் சாப்பாட்டுத் தட்டைத் தொடாமலே திருப்பி அனுப்புகிற எத்தனையோ பேரை அவள் கண்டிருந்தாள்.

"உங்களுக்கு மணம் தெரியிறேல்லையோ?" என்று கேட்டாள். கேட்ட பிறகுதான், இப்படி நேராகக் கேட்டிருக்கக் கூடாது என்று தோன்றியது.

அவர் கோப்பையைச் சுற்றிச் சுற்றிப் பிடித்தார். "ஐஞ்சு வருசமாத் தெரியாது. வாசல் ஐஸில சறுக்கி விழுந்தனான். பின்மண்டை அடிபட்டது. காயம் ஆறிட்டுது, மணம் வரேல்லை. இனி வராது எண்டு டொக்டர் சொல்லிப்போட்டார்."

"அப்ப ருசி?"

"உப்பு, புளி, இனிப்பு, உறைப்பு தெரியும். மிச்சமெல்லாம் பஞ்சு." ஒரு வாய் கோப்பி குடித்துவிட்டு, "நான் முந்தி ஹொட்டேலில சமையல்காரன். பதினாலு வருசம். மீன் பழுதாப்போனது தெரியாமல் ஒருநாள் அடுப்பில வைச்சிட்டன். மற்றச் சமையல்காரன் கண்டு எடுத்தான். அடுத்த கிழமை வேலையை விட்டிட்டன். எங்கட ஆக்களுக்கு முதுகு நோவு எண்டு சொன்னனான்" என்றார்.

"வீட்டில ஒருத்தருக்கும் தெரியாதோ?"

"வீட்டில ஆர் இருக்கினம்? நான் கலியாணம் கட்டேல்லை."

வெளியே கடைத்தொகுதியின் வாகனத் தரிப்பிடத்தில் மெல்லிய மழை. சிறிதேவி கேட்டாள். "மணம் தெரியாமல் ஏன் சமையல் பழக வந்தனீங்கள்?"

அவர் கோப்பையைக் கீழே வைத்தார். இதுவரை யாரும் கேட்காத கேள்வியாக அது இருந்திருக்கலாம்.

"எனக்குத் தெரிஞ்ச கறியைச் சாப்பிடேக்க, என்ன இல்லை எண்டு எனக்குத் தெரியும். கறிவேப்பிலை இல்லை, கறுவா இல்லை எண்டு ஒவ்வொண்டாத் தெரியும். அதால சாப்பிட ஏலாது. ஒருநாளும் சாப்பிடாத சாப்பாடெண்டால் எதை இழந்தன் எண்டு தெரியாதுதானே. அது நல்லாயிருக்கும் எண்டு நினைச்சன்."

சிறிதேவி தலையைக் குனிந்துகொண்டாள். கண் கலங்கியதை அவருக்குக் காட்ட விரும்பவில்லை. பிறகு, அவர் சொன்னதற்குப் பதிலாகத் தானும் எதையாவது கொடுக்க வேண்டும் போலிருந்தது. றோல்ஸையும் கூடத்தில் தாழ்கிற குரல்களையும் பற்றி அவரிடம் சொன்னாள். அவர் ஆறுதல் எதுவும் சொல்லவில்லை. "அறுபதோ?" என்று மட்டும் கேட்டார். "அறுபது" என்றாள். இருவரும் சிரித்தார்கள்.

அன்று பின்னேரம் சத்தியபாமா சொன்னாள். "நாளைக்குப் பத்து மணிக்கு யோகாம்பாள் அன்ரி வீட்ட போறம். அவவின்ர அறுபதாவது பிறந்தநாள். எண்பது பேர். வடைக்கு உன்னைத்தான் சொல்லி வைச்சிருக்கிறன்."

"நான் வரேல்லை மச்சாள். எனக்கு நாளைக்கும் வகுப்பு இருக்கு."

"என்ன வகுப்பு? லீவில வந்தும் வகுப்போ?"

"ஓம். சோளன் ஊறப்போட்டு வைச்சிருக்கு."

சத்தியபாமா அண்ணனைப் பார்த்தாள். சற்குணம் செய்தித்தாளை மடித்து வைத்தார். தங்கை எதையாவது வேண்டாம் என்று சொல்லி அவர் கேட்டதில்லை. டென்மார்க்குக்குப் போனவனிடம்கூட அவள் சொல்லவில்லை. "அவள் போகட்டும். வடை கடையில வாங்கலாம்" என்றார். சத்தியபாமா அன்று இரவு அவளோடு அதிகம் கதைக்கவில்லை. சிறிதேவிக்கு அது கஷ்டமாகத்தான் இருந்தது. ஆனாலும் காலையில் எழுந்து போனாள்.

ஜெகதீஸ்வரன் அவளுக்கு முன்பே வந்து சோளத்தைக் கழுவிக்கொண்டிருந்தார். தோல்கள் மஞ்சளாகத் தண்ணீரில் மிதந்தன. மார்த்தா அரைத்த மாவை உருட்டி, உள்ளங்கைகளுக்கு நடுவே தட்டித் தட்டி ரொட்டியாக்கிக் காட்டினார். சிறிதேவியின் முதல் ரொட்டி நோர்வே வரைபடம் போல் நீண்டது. பிறகு மார்த்தா, குழம்புக்கு மேலே தூவுவதற்குக் கொஞ்சம் எள்ளு புதிதாக வறுக்கச் சொன்னார்.

ஜெகதீஸ்வரன் ஒரு அடி பின்னால் நகர்ந்தார். "நீங்கள் வறுங்கோ."

"இல்லை, நீங்கள் வறுங்கோ. நான் மணம் சொல்லுறன்."

அவர் அவளைப் பார்த்தார். தாச்சியை எடுத்தார். எள்ளைப் போட்டார். சிறிதேவி பக்கத்தில் நின்று மூச்சை இழுத்தாள். சொல்வது அவள் நினைத்ததைவிடக் கடினமாயிருந்தது. மணத்துக்குத் தனிச் சொல் கிடையாது. இன்னொன்றைக் காட்டித்தான் சொல்ல வேண்டும்.

"இப்ப ஒண்டும் இல்லை. பச்சை எள்ளுதான்." தாச்சி அசைந்தது. "இப்ப… கொடியில காய்ஞ்ச உடுப்பை மடிக்கேக்க வருமே, அப்பிடி." அவர் கண்ணை மூடிக்கொண்டார். கை மட்டும் அசைந்தது. "இப்ப வறுத்த மா மணம். புட்டுக்கு மா வறுக்கேக்க முதல் வாறது. பொறுங்கோ. இன்னும் கொஞ்சம். இப்ப எண்ணெய் விடப்போகுது… இறக்குங்கோ."

இறக்கினார். எள்ளு ஒரே பொன் நிறத்தில் கிடந்தது. மார்த்தா ஒரு சிட்டிகை எடுத்து வாயில் போட்டு, அந்தத் தாச்சியை மேசையின் நடுவே கொண்டுபோய் வைத்தார்.

எல்லோரும் நீண்ட மேசையில் இருந்து சாப்பிட்டார்கள். குழம்பு கடும் மண்ணிறமாய், தடிப்பாய் இருந்தது. ஜெகதீஸ்வரன் ரொட்டியைப் பிய்த்துத் தோய்த்து மெதுவாக மென்றார்.

"எப்பிடி?" என்றாள்.

"மேல கொஞ்சம் கரகரப்பு. உள்ள மெது. கடைசியில தொண்டையில ஒரு சூடு நிக்குது." இன்னொரு ரொட்டி எடுத்தார். "நல்லாயிருக்கு. இது மணத்தால எப்பிடியெண்டு நீங்கள் சொல்லுங்கோ."

அவள் சொன்னாள். சாப்பிட்டு முடியும்வரை சொன்னாள். சில இடங்களில் சொல் கிடைக்காமல் கையால் காட்டினாள். அவர் மூன்று ரொட்டி சாப்பிட்டார்.

ஞாயிறு காலை அவள் பேர்கனுக்கு ரயில் ஏறும்போது அவர் மத்திய நிலையத்துக்கு வந்திருந்தார். அண்ணனும் மச்சாளும் நின்றார்கள். சிறிதேவி ஒளிக்கவில்லை. "இவர் ஜெகதீஸ்வரன். என்னோட வகுப்பில பழகினவர்" என்றாள். சற்குணம் கைகொடுத்தார். சத்தியபாமா அவரை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "நீங்களும் சோளனோ?" என்று கேட்டாள். அவர் "ஓம் அக்கா" என்றார்.

ரயில் பெட்டியின் படியில் நின்றபடி சிறிதேவி அவரிடம் கேட்டாள். "டிசம்பரில லீவு எடுப்பியளோ?"

"எடுக்கலாம். பேர்கனில அப்ப மழையோ?"

"எப்பவும் மழைதான்."

"அப்ப குடை கொண்டு வாறன்."

டிசம்பரில் வந்தார், பெப்ரவரியில் வந்தார், ஈஸ்டருக்கு வந்து பத்து நாள் நின்றார். இடையில் தினமும் தொலைபேசி. உறவுக்காரர்களின் கூடங்களில் குரல்கள் தாழத்தான் செய்தன. சத்தியபாமாதான் அதை முதலில் நிறுத்தினாள். "அவை இரண்டு பேரும் ஆளையாள் சிரிக்க வைக்கினம். அதுக்கு மேல என்ன கதை?" என்று ஒரு நாள் யோகாம்பாள் அன்ரி வீட்டில் எல்லோருக்கும் கேட்கச் சொன்னாளாம்.

அடுத்த ஓகஸ்டில் பேர்கனில் பதிவுத் திருமணம் நடந்தது. அண்ணன் சாட்சிக் கையெழுத்து வைத்தார். மார்த்தாவால் வர முடியவில்லை. ஒரு வாழ்த்து மடல் அனுப்பியிருந்தார். யார் எங்கே போவது என்று அவர்கள் அதிக நாள் யோசிக்கவில்லை. பஸ் ஓட்டுநர் எங்கேயும் தேவை. ஜெகதீஸ்வரன் லில்லெஸ்ட்ரோம் வாடகை வீட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு மேற்குக்கு வந்தார். பேர்கனின் மலைப்பாதைகளில், ஈரத்தில் பஸ் திருப்பிப் பழக அவருக்கு ஒரு மாதம் எடுத்தது. அந்த மாதம் முழுவதும் சிறிதேவி தன் வேலை முடிந்ததும் அவருடைய பஸ்ஸிலேயே ஏறி, முன் ஆசனத்தில் இருந்து, கடைசித் தரிப்புவரை போய்த் திரும்பினாள்.