மிச்சம்மீதிகள் கோட்டை பிடித்த நாள்

“முதல்ல யாரு கிளம்பறா?” ஆக்ஸிஜன் முகமூடியை ஒரு கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு அவர் கேட்டார்.

“பேக்கரிக்காரம்மா. ஆறு நிமிஷப் பயணம், அவங்கதான் ரொம்பத் தூரம்” என்றாள் மனைவி. “முகமூடியைப் போடுங்க முதல்ல.”

“கடைசி?”

“நீங்க. நாப்பது நொடிப் பயணம். காலையில இருந்து இதோட பதினோரு தடவை கேட்டாச்சு.”

அவர் முகமூடியைப் போட்டுக்கொண்டார். அதற்குள்ளிருந்து கண்கள் மட்டும் சிரித்தன. சுவர்க் கடிகாரத்தில் மணி மூன்று ஐம்பது.

முப்பது வருடம் லிஃப்ட் பழுது பார்த்தவர். எத்தனையோ மாடிக் கட்டடங்களின் இருட்டுக் குழிகளில் தூசியைத் தின்று தின்று நுரையீரல் இரண்டும் கைவிட்டுவிட்டன. குழாய் எதுவும் போட வேண்டாம் என்று அவரே சொல்லிவிட்டதால், மானிட்டரையும் காலையில் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். இன்றைக்கோ நாளைக்கோ என்று டாக்டர் அவளைத் தனியாக அழைத்துத்தான் சொன்னார். ஆனால் அடுத்த முறை டாக்டர் வந்தபோது, மனுஷன் நேராகவே கேட்டுவிட்டார்: சாயங்காலம் நாலரை வரைக்கும் தாங்குமா? யாராவது ஊரிலிருந்து வருகிறார்களா என்று டாக்டர் பரிவோடு விசாரித்தார். தொண்ணூற்றிரண்டு பேர் காத்திருக்கிறார்கள் என்றார் இவர். டாக்டர் அவளைப் பார்த்தார். அவள் ஜன்னலைப் பார்த்தாள்.

தொண்ணூற்றிரண்டு பேரும் போனுக்குள் இருப்பவர்கள். நான்கு வருடத்துக்கு முன்பு, லிஃப்ட் வேலைகளுக்கு நடுவே பொழுது போகாமல், கோட்டை கட்டிச் சண்டை போடும் ஒரு விளையாட்டை அவர் போனில் இறக்கினார். முதலில் ஒரு பெரிய கூட்டணியில் சேர்ந்தார். இரண்டு நாள் உள்ளே வரவில்லை என்று அவரைத் தூக்கி வெளியே போட்டார்கள். மனுஷனுக்கு ரோஷம் வந்துவிட்டது. அப்படித் தூக்கியெறியப்பட்டவர்களாகத் தேடித் தேடிப் பிடித்துத் தனிக் கூட்டணி ஒன்று தொடங்கினார். பெயர் ‘மிச்சம்மீதிகள்’. அடுப்பு வேலை முடியாத பேக்கரிக்காரம்மா, கண் சரியாகத் தெரியாத தையல்காரர், எங்கேயோ ஒரு கிடங்கில் காவல் இருப்பவர், சவாரி இல்லாத நேரத்தில் மட்டும் தலைகாட்டும் டாக்சிக்காரர். டாக்சிதான் இப்போது துணைத் தலைவர். இவர்கள் யாரும் யாரையும் நேரில் பார்த்ததில்லை.

“கூட்டணி, தலைவர்னெல்லாம் பேசறானே, கட்சியில கிட்சியில சேர்ந்துட்டானா?” என்று அவருடைய அக்கா ஒருமுறை கவலையோடு கேட்டாள். கட்சியாக இருந்தால்கூடத் தேவலை என்று அப்போது மனைவிக்குத் தோன்றியது. சோற்றுத் தட்டில் ஒரு கண், போனில் ஒரு கண். கல்யாண வீட்டில் காணாமல் போய்விடுவார். தேடினால் மாடிப்படிக்கு அடியில் உட்கார்ந்து யாருக்கோ படை அனுப்பிக்கொண்டிருப்பார். எத்தனையோ நாள் அந்தப் போனைத் தூக்கிக் கிணற்றில் போடலாமா என்று நினைத்திருக்கிறாள். கிணறு இல்லாத வீடு, போன் தப்பித்தது.

எல்லாம் போன வியாழக்கிழமைவரைதான்.

வியாழக்கிழமை ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபடி அவர் நடுக்கோட்டையைப் பிடிக்கப் போய்த் தோற்றார். அது இரண்டாவது தோல்வி. வரைபடத்தின் மையத்தில் இருக்கும் அந்தக் கோட்டையை ‘சக்கரவர்த்திகள்’ என்ற பெரிய கூட்டணி இரண்டு வருடமாக வைத்திருந்தது. அவரை வெளியே தூக்கிப் போட்டவர்களும் அவர்கள்தான். தோற்ற பிறகு முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார். அந்த முதுகைப் பார்க்க அவளுக்குப் பொறுக்கவில்லை.

“உங்க ஆளுங்க ஒண்ணா போய்ச் சேரலைங்க” என்றாள். “அதான் அடி வாங்கறீங்க.”

அவர் மெல்லத் திரும்பினார்.

அவள் பஸ் டிப்போவில் டைம் கீப்பர். இருபத்திரண்டு வருடமாக எந்த வண்டி எப்போது வாசலைத் தாண்ட வேண்டும் என்று சொல்வதுதான் வேலை. அவளுக்கு விளையாட்டு தெரியாது, ஆனால் இந்தக் கோளாறு தெரியும். ஒவ்வொருவர் கோட்டையும் ஒவ்வொரு தூரத்தில் இருக்கிறது. ஐந்து படைகளும் ஒரே நொடியில் போய் இடித்தால்தான் கதவு உடையும். நான்கு நொடி இடைவெளி விட்டால் உள்ளே இருப்பவர்கள் புதுப் படையை நிரப்பிக்கொள்வார்கள். இவர் போனில் ஒன்று இரண்டு மூன்று சொல்ல, அந்தக் குரல் ஒருவருக்கு உடனே கேட்கும், இன்னொருவருக்கு மூன்று நொடி கழித்துக் கேட்கும். கடிகாரம் பார்த்துக் கிளம்பச் சொன்னால் ஆளுக்கொரு கடிகாரம்.

டிப்போவிலும் இதே கதைதான். பத்து டிரைவருக்குப் பத்து வாட்ச். அதனால் அவள் யாரிடமும் மணி சொல்லிக் கிளம்பச் சொல்வதில்லை. உனக்கு முன்வண்டி எது என்று மட்டும் சொல்வாள். அது வாசலைத் தாண்டியதைக் கண்ணால் பார், அதிலிருந்து எண்ணு, கிளம்பு.

மருந்துச் சீட்டின் பின்பக்கத்தில் அவருக்கு எழுதிக் காட்டினாள். பேக்கரியின் படைக்கொடி நகர்ந்ததைத் திரையில் பார்த்ததும் தையல்காரர் அறுபது எண்ண வேண்டும். தையல்காரரின் கொடி நகர்ந்ததும் காவல்காரர் எழுபது. அதன்பின் டாக்சி நூற்றுப்பத்து. டாக்சி கிளம்பி எண்பது எண்ணியதும் தலைவர். ஐந்தும் ஒரே நொடியில் கதவில் இடிக்கும்.

அவர் அந்தச் சீட்டை வெகுநேரம் பார்த்தார். “இருபத்தாறு வருஷமா இதை எங்க ஒளிச்சு வச்சிருந்த?” என்றார். அவளுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. நான்கு நாள் இருவரும் அந்த நான்கு பேரை வைத்துப் பயிற்சி நடத்தினார்கள். கல்யாணமான புதிதில் பேசிக்கொண்டதைவிட அதிகம் பேசினார்கள். அவள் தூக்கத்திலும் எண்பதுவரை எண்ணிக்கொண்டிருந்தாள்.

இன்று அவர் விரல் திரையில் சரியான இடத்தில் படவில்லை. அதனால் போன் அவள் கையில்.

மூன்று ஐம்பத்தைந்துக்கு நாத்தனார் உள்ளே வந்தாள். தம்பியின் நெற்றியைத் தடவினாள். பிறகு தம்பி மனைவியின் கையிலிருந்த போனைப் பார்த்ததும் முகம் சுண்டிப்போயிற்று.

“இந்த நேரத்துலயுமா? அவன் காதுல நல்ல வார்த்தை நாலு சொல்லக் கூடாதா?”

“இதுதான் அண்ணி அவருக்கு நல்ல வார்த்தை” என்றாள் அவள். சொன்ன பிறகு தானா அப்படிச் சொன்னது என்று அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது. நாத்தனார் உதட்டைக் கடித்துக்கொண்டு வராந்தா பெஞ்சுக்குப் போய்விட்டாள்.

நாலு மணிக்குக் கோட்டை தாக்குதலுக்குத் திறந்தது. முதல் ஐந்து நிமிடம் சக்கரவர்த்திகள் உஷாராக இருப்பார்கள், பொறு என்று அவர் சைகை காட்டினார். அவருடைய இடது கை அவள் மணிக்கட்டைப் பிடித்திருந்தது. சூடாக, பலமில்லாமல், ஆனால் விடாமல்.

நாலு ஐந்து. “பேக்கரி, கிளம்புங்க” என்றாள் போனில்.

பச்சைக் கொடி ஒன்று வரைபடத்தின் மூலையிலிருந்து நகரத் தொடங்கியது. அவளுக்கு டிப்போவில் முதல் நாள் முதல் வண்டிக்குக் கை காட்டியபோதுகூட இப்படி நெஞ்சு படபடக்கவில்லை. அறுபது எண்ணி முடிக்கும்போது தையல்காரர் கிளம்பினார், அச்சுப் பிசகாமல். கணவர் அவள் மணிக்கட்டை அழுத்தினார். காவல்காரர் கிளம்பினார். இன்னொரு அழுத்தல். சக்கரவர்த்திகளுக்கு விஷயம் இன்னும் உறைக்கவில்லை; வெவ்வேறு திசையில் ஊர்ந்து வரும் மூன்று கொடிகளை யார் ஒன்றாகச் சேர்த்துப் பார்க்கப் போகிறார்கள்?

டாக்சி கிளம்பியதும் அவர் முகமூடியை விலக்கினார்.

“சத்தமா எண்ணு. எனக்குக் கேக்கணும்.”

“ஒண்ணு. ரெண்டு. மூணு.”

அவர் உதடும் கூடவே அசைந்தது. இருபதில் அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். முப்பதில் சிரித்தார். நாற்பதில் அவர் மூச்சு நீளமாக உள்ளே போனது. நாற்பத்தேழில், மணிக்கட்டைப் பிடித்திருந்த விரல்கள் ஒவ்வொன்றாக விட்டன.

அவளுக்குத் தெரிந்துவிட்டது. பக்கத்தில் இருபத்தாறு வருடம் படுத்துத் தூங்கியவளுக்கு அந்த மூச்சு திரும்பி வரவில்லை என்று தெரியாதா? தலையைத் திருப்பினால் எண்ணிக்கை போய்விடும். எண்ணிக்கை போனால் நான்கு கொடிகளும் வீண். நான்கு வருடமும் வீண்.

“நாப்பத்தெட்டு” என்றாள். குரல் உடைந்தது. “நாப்பத்தொம்போது. அம்பது.”

திரையை மட்டும் பார்த்தாள். திரை கலங்கியது, தோள்பட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அறுபது. போனில் அந்தப் பக்கம் நான்கு பேர் மூச்சும் அவளோடு சேர்ந்து எண்ணிக்கொண்டிருந்தது. எழுபது. எழுபத்தைந்து. அவர் கை அவள் மடியில் மல்லாந்து கிடந்தது.

“எண்பது.”

அமுக்கினாள். தலைவரின் கொடி கிளம்பியது.

அதற்குப் பிறகுதான் திரும்பிப் பார்த்தாள். சிரித்த வாய் அப்படியே இருந்தது. விலகியிருந்த முகமூடியைச் சரியாக வைக்கப் போய், எதற்கு என்று நிறுத்திக்கொண்டாள். அவர் நெற்றியில் தன் நெற்றியை வைத்தாள். நாற்பது நொடி அப்படியே இருந்தாள்.

போன் அலறியது. ஐந்து படையும் ஒரே நொடியில் இடித்திருந்தன. கதவு போய்விட்டது, அக்கா, கதவு போய்விட்டது என்று டாக்சி கத்திக்கொண்டிருந்தார். பேக்கரிக்காரம்மா ஓவென்று அழுதார். நடுக்கோட்டையின் உச்சியில் மிச்சம்மீதிகளின் பச்சைக் கொடி.

சத்தம் கேட்டு உள்ளே ஓடிவந்த நாத்தனார் தம்பியைப் பார்த்தாள். பிறகு அவளைப் பார்த்தாள். “பிடிச்சுட்டார் அண்ணி” என்றாள் இவள். நாத்தனாருக்கு என்ன பிடித்தார், எதைப் பிடித்தார் என்று எதுவும் புரியவில்லை. கட்டிலின் மறுபக்கம் உட்கார்ந்து தம்பியின் பாதங்களைப் பிடித்துக்கொண்டு சத்தமில்லாமல் அழ ஆரம்பித்தாள்.

ஆனால் வேலை முடியவில்லை. பிடித்த கோட்டையைப் பதினைந்து நிமிடம் விடாமல் வைத்திருந்தால்தான் அது அவர்களுடையது. சக்கரவர்த்திகள் விழித்துக்கொண்டு நாலா பக்கமும் படையைத் திருப்பினார்கள். டாக்சியின் குரல் பதறியது.

“அக்கா, தலைவர் என்ன சொல்றார்? உள்ள யாரை அனுப்ப? பெரிய படை வச்சிருக்கறவங்க மட்டும் போதுமா?”

அவள் கணவர் முகத்தைப் பார்த்தாள். இவர் என்ன சொல்வார் என்று யோசிக்க வேண்டியிருக்கவில்லை.

“எல்லாரையும் அனுப்பச் சொல்றார்” என்றாள். “பத்து சிப்பாய் வச்சிருந்தாலும் அனுப்பணுமாம். யாரையும் வெளிய நிறுத்தக் கூடாதாம்.”

வந்தார்கள். பத்து சிப்பாய், முப்பது சிப்பாய், ஒருவர் வெறும் நான்கு பேரை அனுப்பினார். வரைபடம் முழுக்க எறும்பு வரிசை போலப் பச்சைக் கொடிகள் நடுக்கோட்டைக்குள் போய்க்கொண்டே இருந்தன. கதவு மூன்று முறை அதிர்ந்தது. ஒரு தடவை சுவரில் பாதி போயே போய்விட்டது. அவள் வாய்விட்டு, விடாதீங்க, விடாதீங்க என்று சொன்னாள். எப்போதிலிருந்தோ நாத்தனாரும் கண்ணீரோடு எட்டித் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். “பச்சை நம்மளா?” என்று கேட்டாள். ஆமாம் என்று இவள் தலையாட்டினாள். “அப்போ அந்தச் சிவப்பு கிட்ட வருதே” என்று நாத்தனார் பதறினாள்.

நாலு இருபத்தாறுக்குப் பதினைந்து நிமிடமும் முடிந்தது. திரையில் வாணவேடிக்கை விட்டார்கள்.

அப்போதுதான் அவள் டாக்சியிடம் மட்டும் தனியாகச் சொன்னாள். எப்போது என்று அவர் கேட்டார். நீங்க கிளம்பி நாற்பத்தேழாவது நொடியில் என்றாள். அந்தப் பக்கம் கார்க் கதவு ஒன்று திறந்து மூடும் சத்தம் கேட்டது. பிறகு, “மத்தவங்ககிட்ட நான் சொல்லட்டுமாக்கா?” என்றார்.

“சொல்லுங்க. ஆனா கொஞ்சம் கொண்டாடட்டும். அப்புறம் சொல்லுங்க.”

நர்ஸும் டாக்டரும் வந்தார்கள். பார்த்துவிட்டு, தங்கள் கடிகாரப்படி நாலு முப்பத்தைந்து என்று எழுதிக்கொண்டார்கள். நாலு ஒன்பது என்று திருத்த வாயெடுத்தவள் சும்மா இருந்துவிட்டாள். நர்ஸ் ஒரு தாளை எடுத்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்தாள்.

மடியில் போன் அதிர்ந்துகொண்டே இருந்தது. தலைவர் எங்கே, தலைவர் ஒரு வார்த்தை பேசட்டும் என்று ஆளாளுக்குக் கேட்டார்கள். நான்கு சிப்பாய் அனுப்பியவர் எழுதியிருந்தார்: “பேசலைன்னா என்ன? உள்ளதான் இருக்கார். அவர் பேருக்குப் பக்கத்துல விளக்கு எரியுது பாருங்க.”

அவள் பார்த்தாள். பெயர்ப் பட்டியலின் உச்சியில், அவர் பெயரை ஒட்டிச் சின்னதாக ஒரு பச்சைப் புள்ளி. விளையாட்டை மூடினாலோ திரை அணைந்தாலோ அதுவும் அணைந்துவிடும்.

“பேஷன்ட்டுக்கு நீங்க என்ன உறவும்மா?” என்று நர்ஸ் கேட்டாள்.

“மனைவி.”

“அவர் வயசு?”

“அம்பத்தாறு.”

“தொழில்?”

சொன்னாள். திரை மங்கத் தொடங்கியது. கட்டைவிரலால் ஒருமுறை தொட்டாள்.