சலேத்தம்மாள் வீட்டுக் கதவு

அந்த ஊரில் வீட்டு எண்ணைத் தினமும் காலையில் போய் வாங்கி வர வேண்டும். தெருமுக்கில் ஒரு ஜன்னல் உண்டு. கையை நீட்டினால் ஒரு தகரத் துண்டு வரும். அதில் அன்றைய எண் இருக்கும். கதவில் மாட்டிவிட்டால் பாலும் தபாலும் விருந்தாளிகளும் சரியாக வந்து சேர்வார்கள். நடுப்பகலில் மறுபடி போய், இன்னும் இருக்கிறோம் என்று சொல்லிவிட்டு வர வேண்டும். சொல்லாவிட்டால் ஜன்னல்காரர் கோபித்துக்கொள்ள மாட்டார். எண்ணை வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவார், அவ்வளவுதான்.

ஞானதிரவியம் இருபத்திரண்டு வருஷமாக ஒரு நாள்கூடத் தவறாமல் போய்ச் சொன்னவர். மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை. ஆள் உள்ளே நுழையும்போதே முகத்தைப் பார்த்து, இன்ன ஃபிரேம்தான் பொருந்தும் என்று எடுத்து வைத்துவிடுவார். அந்த விஷயத்தில் அவரை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது.

அன்றைக்கு மட்டும் மறந்துபோனார். காரணம் காலையில் நடந்தது. அவர் மனைவி சலேத்தம்மாள் வாழ்க்கையிலேயே முதல் தடவையாகக் கண்ணாடி போட்டுக்கொண்டு வந்து நின்று, எப்படி இருக்கிறது என்று கேட்டாள். அவர் குனிந்து செருப்பு வாரை மாட்டிக்கொண்டே, நன்றாக இருக்கிறது என்றார். என்ன நிறம் என்று கேட்டாள். அவர் நிமிர்வதற்குள் கண்ணாடி பெட்டிக்குள் போய்விட்டது. பெட்டி மூடிய சத்தம் கடைவரைக்கும் கூடவே வந்தது. நடுப்பகலிலும் அது காதை விட்டுப் போகவில்லை. அவர் அதைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

நாலு மணிக்கு வந்து, காலையில் தான் வாங்கி மாட்டிய நாற்பத்தேழாம் எண் கதவைத் தட்டினால், திறந்தது வேறொருவர். அரியநாயகம் என்று பெயர் சொன்னார். பகலில்தான் எண் கிடைத்ததாம். தட்டில் பாதி சாப்பிட்ட இட்லி இருந்தது. ஞானதிரவியத்துக்கு வந்த கடிதத்தைப் பிரித்துப் படித்துவிட்டதாகவும், கையோடு பதில் போட்டுவிட்டதாகவும் பணிவாகச் சொன்னார். என்ன எழுதினீர்கள் என்று ஞானதிரவியம் கேட்டார். நலம் என்று எழுதினேன், நான் நலம்தானே, அதில் பொய் ஒன்றும் இல்லையே என்றார் அவர்.

தன் வீடு எங்கே போயிற்று என்று தெரிய வேண்டும். அதற்கு வழி இருந்தது. நடுத்தெருவில் நின்று கத்த வேண்டும். ஞானதிரவியம் வேட்டியைச் சரிசெய்துகொண்டு, சலேத்தம்மாள் வீடு எது, ஞானதிரவியத்துக்குச் சொல்லுங்கள் என்று கத்தினார். தெருவில் எல்லார் காதிலும் விழுந்தது. சம்பந்தமில்லாதவர்கள் கேட்டதை உடனே மறந்தார்கள். அது மரியாதை. சலேத்தம்மாள் மட்டும் எங்கிருந்தோ, நூற்றுப் பன்னிரண்டு என்றாள். குரலில் ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை.

நூற்றுப் பன்னிரண்டு மூன்று தெரு தள்ளி இருந்தது. அதே வீடு, அதே பச்சை ஜன்னல். ஜன்னலில் அவள் நின்றாள். முகத்தில் கண்ணாடி இல்லை. பேச்சைத் தொடங்குமுன் செய்ய வேண்டியதை இருவரும் செய்தார்கள்.

"இருக்கியா?"

"இருக்கேன். நீங்க இருக்கியளா?"

"இருக்கேன்."

இனிப் பேசலாம். காலையில் நடந்ததற்கு வருத்தம் சொல்ல அவர் வாயைத் திறந்தார். அவள் முந்திக்கொண்டாள். அவர் யாரென்று தனக்குத் தெரியும் என்றும், கதவுக்குத்தான் தெரியவில்லை என்றும் சொன்னாள். எண் மாறினால் கதவு பழையதை மறந்துவிடும். இவர்தான் ஞானதிரவியம் என்று சான்று கொண்டுவர வேண்டும். ஆறு மணிக்குள் யார் கொண்டுவருகிறாரோ அவரையே கதவு ஞானதிரவியம் என்று எடுத்துக்கொள்ளும்.

"யாரு கொண்டுவந்தாலுமா?"

"கதவு அப்படித்தான் சொல்லுது."

சான்று தருகிற இடம் ஒரு நீளமான நடைவழியின் கடைசியில் இருந்தது. அவசரமாக நடந்தால் நடை நீளும் என்று சுவரில் எழுதியிருந்தது. ஞானதிரவியம் அவசரமில்லாதவர் போல நடந்தார். உள்ளே போனால் ஏற்கெனவே அரியநாயகம் உட்கார்ந்திருந்தார். கடிதத்துக்குப் பதில் எழுதியதில் அந்த வாழ்க்கை அவருக்குப் பிடித்துப்போய்விட்டதாம். ஞானதிரவியமாகவே இருந்துவிடலாம் என்று விண்ணப்பம் போட வந்திருந்தார். உங்களுக்கு ஆட்சேபணை இல்லையே என்று கேட்டார். இருக்கிறது என்று சொல்லிவிட்டு ஞானதிரவியம் பக்கத்தில் உட்கார்ந்தார்.

மேஜைக்குப் பின்னால் சுயம்புக்கனி என்ற அம்மாள் இருந்தார். ஊரில் எல்லாருக்கும் சான்று தருகிறவர் அவர்தான். அவருடைய சான்று தலைக்குமேல் சட்டம் போட்டு மாட்டியிருந்தது. 'சுயம்புக்கனி என்பவர் சுயம்புக்கனியே என்று உறுதி கூறுகிறேன். இப்படிக்கு, சுயம்புக்கனி.' ஞானதிரவியம் அதை இரண்டு முறை படிப்பதை அந்த அம்மாள் பார்த்துவிட்டார். கதவு செய்கிற தச்சர்கள் சுயம்புக்கனி என்ற பெயரைச் செதுக்கிய பிறகுதான் கதவை விற்கிறார்கள், அதற்குமேல் கேட்கக் கூடாது என்றார்.

முதலில் அரியநாயகத்தைக் கூப்பிட்டார். ஞானதிரவியத்துக்கும் அவர் மனைவிக்கும் மட்டும் தெரிந்த ஒன்று உங்களுக்குத் தெரியும் என்று காட்டுங்கள் என்றார். அரியநாயகம் மடமடவென்று ஒப்பித்தார். கல்யாணத் தேதி, பெண் பார்க்கப் போன அன்று பஸ் பழுதானது, அவர் குறட்டை விடுகிற பக்கம். எல்லாம் கடிதத்தில் இருந்ததோ என்னவோ, ஒன்றுகூடத் தப்பில்லை. சுயம்புக்கனி தலையை ஆட்டிக் கேட்டார்.

"எல்லாம் சரிதான். ஆனா சொல்லிட்டீங்களே."

சொன்னதை இனி யார் வேண்டுமானாலும் சொல்லலாம், இப்போது தனக்கே தெரியும், தானும் ஞானதிரவியம் ஆகிவிட முடியுமா என்று விளக்கினார். அரியநாயகம் அதை ஒப்புக்கொண்டு, கும்பிட்டுவிட்டு, இட்லி ஆறிவிடும் என்று கிளம்பினார்.

அடுத்து ஞானதிரவியத்தின் முறை. சொல்லக் கூடாது, ஆனால் தெரியும் என்று காட்ட வேண்டும். அவர் எதிரில் உட்கார்ந்தார். காலையில் மூடிய பெட்டியை நினைத்தார். அவள் கேள்வி கேட்டபோது தான் பார்த்துக்கொண்டிருந்த செருப்பு வாரை நினைத்தார். கடைக்கு வருகிற ஊர்பேர் தெரியாதவர்களின் மூக்கையெல்லாம் அளந்து பார்த்த தன் கண்ணை நினைத்தார். வாய் திறக்கவில்லை. காது மட்டும் சிவந்தது. சுயம்புக்கனி கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு முத்திரையைக் குத்தினார்.

"நீங்க சொல்லாம இருக்கிற விதம் சரியா இருக்கு."

ஆறுக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது அவர் கதவிடுக்கில் சான்றைச் செருகினார். கதவு அதை உள்ளே இழுத்துக்கொண்டது. அப்புறம் ஒன்றும் நடக்கவில்லை. சலேத்தம்மாள் கதவுக்குப் பின்னாலிருந்து பேசினாள்.

"நீங்கதான்னு கதவுக்குத் தெரிஞ்சுபோச்சு. இனி நீங்க கேளுங்க."

"என்னத்த?"

"நான்தானான்னு."

அப்படி ஒரு விதி இருப்பதை அவர் கேள்விப்பட்டதே இல்லை. ஆறு அடிப்பதற்குள், அவளால் மட்டும் பதில் சொல்லக்கூடிய ஒன்றைக் கேட்க வேண்டும். பதில் சரியா என்று அவருக்கும் தெரிந்திருக்க வேண்டும். அவர் யோசித்தார். என்ன நிறம் பிடிக்கும் என்று கேட்கலாம். அவருக்குத் தெரியாது. பள்ளிக்கூடத்தில் யாரோடு சிநேகம் என்று கேட்கலாம். தெரியாது. காப்பிக்கு எத்தனை கரண்டி சர்க்கரை? அவருடைய காப்பிக்கு எத்தனை என்று தெரியும். இருபத்திரண்டு வருஷத்தைப் புரட்டிப் பார்த்ததில், விடை தெரிந்த கேள்வி ஒன்றுகூட அகப்படவில்லை. தெருக்கோடிக் கடிகாரம் தொண்டையைக் கனைத்துக்கொண்டது. அடிக்கப் போகிறது.

வேறு வழியில்லாமல், தெரிந்துகொள்ளவே கேட்டார்.

"சலேத்து, எம்மேல கோவமா?"

"எனக்கென்ன கோவம். ஒண்ணுமில்ல."

அவருக்கு உடம்பெல்லாம் லேசாயிற்று. அந்தப் பதிலை, அந்த இடத்தில் மூச்சை நிறுத்தி, அப்படிச் சொல்லக்கூடிய ஆள் உலகத்திலேயே ஒருத்திதான்.

"அவதான்," என்றார் கதவிடம்.

தாழ்ப்பாள் விழுந்தது. கதவு திறந்தது. வீட்டுக்கூடம் இரண்டு பர்லாங்கு நீளத்துக்குப் போயிருந்தது. அந்த 'ஒண்ணுமில்ல'வின் நீளம் அது. மறுகோடியில், கையகல உயரமே தெரிகிற தூரத்தில் அவள் நின்றிருந்தாள். முகத்தில் ஏதோ மாட்டியிருந்தாள். இவ்வளவு தூரத்திலிருந்து நிறம் தெரியவில்லை. ஞானதிரவியம் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, நிமிர்ந்து, அவள் முகத்தைப் பார்த்தபடியே நடக்க ஆரம்பித்தார்.