என் தம்பியின் நடமாடும் சுவர்

சுவர் நடக்காது என்று அடித்துச் சொல்பவர்கள் என் தம்பியைப் பார்த்ததில்லை. அவன் சுவர் நடந்தது. உத்தரவு நடந்ததா என்று பார்க்க வரும் நீதிமன்றத்து அமீனா தெருமுனையில் திரும்பினால் புதுப்பெண் மாதிரி உள்ளே போய்விடும். அவர் தலை மறைந்ததும் வெளியே வந்து நிற்கும்.

அப்பா விட்டுப்போன வீடு. முன்பாதி தம்பிக்கு, பின்பாதி எனக்கு. தெருவுக்குப் போக இருவருக்கும் பக்கவாட்டில் ஒரே வழி. அதற்குக் குறுக்கே தம்பி செங்கல் சுவர் எழுப்பினான். எனக்கு ஒன்றுமில்லை, பக்கத்து வீட்டு மதில் ஏறிக் குதித்துவிடுவேன். ஒருமுறை குதித்தபோது காக்காய்கள் ஒதுங்கி வழிவிட்டன. என் மனைவிக்கு இடுப்பு முறிந்து சக்கர நாற்காலி. சுவர் வந்ததிலிருந்து அவள் தெருவைப் பார்க்கவில்லை.

வழக்குப் போட்டேன். சுவரை அகற்றச் சொல்லி உத்தரவு வந்தது. தம்பி அசையவில்லை. நீதிமன்ற அவமதிப்பு மனு போட்டேன். போய்ப் பார்த்துவரும்படி அமீனாவை அனுப்பினார்கள். அவர் மரியாதை தெரிந்தவர். இரண்டு தரப்புக்கும் முன்கூட்டித் தகவல் சொல்லாமல் ஒரு வீட்டுப் படியும் மிதிக்கமாட்டார். அதுதான் முறையாம்.

தகவல் வந்ததும் தம்பி செங்கலை இடித்தான். திருந்திவிட்டான் என்று நம்பினேன். அதே இடத்தில் புதுச்சுவர் முளைத்தது: இரும்புச் சட்டம், தகரம், மேலே சிமெண்ட் பூச்சு, அடியில் சக்கரங்கள். அமீனா வந்த அன்று அதன்மேல் ஒரு பூனை தூங்கிக்கொண்டிருந்தது. சுவரைத் தள்ளியபோதும் எழவில்லை. தம்பியின் கொட்டகையில் கண்விழித்து, விலாசம் தப்பிய தபால்காரர் போல நெடுநேரம் யோசித்தது. "வழி திறந்திருக்கிறது" என்று அமீனா அறிக்கை கொடுத்தார். பொய்யில்லை. திறந்துதான் இருந்தது, அவர் தேநீர் குடித்து முடிக்கும்வரை.

அவர் போனபின் குனிந்து சக்கரங்களைப் பார்த்தேன். ஒவ்வொரு வெல்டிங் ஒட்டின் முடிவிலும் சின்னதாக ஒரு சுழி. அப்படிச் சுழித்து முடிக்கிறவன் இந்தப் பக்கத்திலேயே ஒருத்தன்தான். என் மகன்.

அவனுடைய வெல்டிங் பட்டறைக்குப் போனேன்.

"ஏன்டா, உங்கம்மாவை உள்ள வச்சு அடைக்க நீயே செஞ்சு குடுத்தியா?"

கறுப்புக் கண்ணாடியைக் கழற்றாமலே சொன்னான்: "சித்தப்பா முன்ரூமைப் பட்டறைக்கு விடுறேன்னாருப்பா. அம்மாதான் எங்கயும் போறதில்லையே."

"போறதில்லையா, போக முடியலையாடா?"

"மிஷின் ஓடுது, காதுல விழல."

மிஷின் ஓடவில்லை.

சுவர் சக்கரத்தில் ஓடுகிறது என்று கேட்டதும் என் வக்கீல் துள்ளினார். "உங்க வீட்டம்மாவைக் கூட்டிட்டு வாங்க. அவங்க ஒரு வார்த்தை போதும்." கோர்ட்டுக்குப் போகும் நாளில் பக்கத்து வீட்டுக்காரர்கள் அவளை நாற்காலியோடு மதிலுக்கு மேல் தூக்கினார்கள். "ஏங்க, முந்தானையை இழுத்து விடுங்க, ஊரே பாக்குது!" என்று கத்தியபடியே அந்தப்பக்கம் இறங்கினாள். முகத்தில் அப்படி ஒரு சிரிப்பு. கல்யாணத்தன்றுகூட எனக்குக் கிடைக்காத சிரிப்பு.

நீதிபதி கண்டிப்பானவர். "சுவர் இருக்குன்னு தெரிஞ்சா, கட்டினவர், செஞ்சு குடுத்தவர், ரெண்டு பேரும் ஜெயிலுக்குப் போகணும்" என்றார். தம்பி கையைக் கட்டிக்கொண்டு நின்றான். அவன் முதுகுக்குப் பின்னால் என் மகன். பயத்தில் நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தான்.

"அம்மா, நீங்க சொல்லுங்க. வழியில சுவர் இருக்கா?"

அவள் என்னைப் பார்க்கவில்லை. மகனைப் பார்த்தாள்.

"இல்லைங்கய்யா. வழி நல்லா விசாலமா இருக்கு. நான்தான் எங்கயும் போறதில்ல."

நான் வாயைத் திறந்தேன். வக்கீல் என் காலை மிதித்தார். மனு தள்ளுபடி. இன்னொருமுறை பொய்ப்புகாரோடு வந்தால் நடவடிக்கை என்மேல்தான் பாயும் என்று நீதிபதி எச்சரித்தார். வணக்கம் சொல்லிவிட்டு வந்தேன்.

வழியெல்லாம் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு வந்தேன். அவள்தான் பேசினாள். "புள்ள இளைச்சிட்டான், கவனிச்சீங்களா?"

வீடு வந்தது. சுவர் அதற்குள் தன் இடத்தில் வந்து நின்றிருந்தது. மறுபடி மதிலுக்கு மேல் அவளைத் தூக்கினோம். உச்சிக்குப் போனதும் நாற்காலிக் கைப்பிடியை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"கொஞ்சம் அப்படியே நிறுத்துங்கப்பா. தெருவை ஒருதரம் பாத்துக்கறேன்."

தூக்கியவர்களுக்குத் தோள் வலித்தது. எனக்கும்தான். யாரும் இறக்கவில்லை.