ஆள் ஜன்னலுக்கு ஒரு திரை

லிஃப்ட் மெக்கானிக் கோபித்துக்கொண்டு வீட்டைவிட்டுப் போனபோது வாசல் கதவைத் திறக்கவில்லை. கூடத்துச் சுவர் வழியாகவே போனார். செங்கல் உடையவில்லை, தூசி பறக்கவில்லை. போன இடத்தில் அவர் உருவத்திலேயே ஒரு ஜன்னல் நின்றது: தொந்தி, தோளில் தொங்கிய சாமான் பை, விடைத்த காதுகள், எல்லாம் அச்சு அசல். சண்டைக்குக் காரணம் பெரிதில்லை. "நீங்க இருந்தா என்ன, இல்லாட்டி என்ன" என்று அவருடைய அக்கா எதிரிலேயே மனைவி சொல்லிவிட்டாள்.

எதிரே பஸ் ஸ்டாப். பஸ்ஸுக்கு நின்றவர்கள் அவள் தலைவாரிக்கொள்வதை வேடிக்கை பார்த்தார்கள். போர்வையைக் கட்டினாள், காற்று தூக்கியது. திரைச்சீலைக் கடைக்காரரை வரவழைத்தாள். வட்ட ஜன்னல், முக்கோண ஜன்னல், மாடிப்படிக்கு அடியில் உள்ளங்கை அகல ஜன்னல் எல்லாவற்றுக்கும் திரை போட்டவர்தான். ஆள் ஜன்னல் அவருக்கு இதுதான் முதல். கம்பியில் தொங்கவிட்டால் காதுப் பக்கம் வெளிச்சம் கசியும், சுருட்டுத் திரை சதுரத்துக்குத்தான் சரிப்படும் என்று யோசித்துவிட்டு, "பேசாம கொத்தனாரைக் கூப்பிட்டு அடைச்சிடுங்கம்மா" என்றார்.

"அடைச்சுட்டா அவர் எப்படி வருவாரு?"

"கதவு இருக்கேம்மா."

அவள் முன்பணத்தை எடுத்து நீட்டினாள். அவர் பருத்தித் துணியை உருவத்துக்கு வெட்டி, ஓரமெல்லாம் வெல்க்ரோ வைத்து விறைப்பாகப் பொருத்திவிட்டுப் போனார்.

மழைக்காலம் முடிவதற்குள் திரை வயிற்றுப் பக்கம் தொளதொளத்தது. மட்டமான துணி என்று போனில் சண்டை போட்டாள். கடைக்காரர் வந்து அளந்து பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி, "துணி நீளலைம்மா. ஜன்னல்தான் இளைச்சிருக்கு" என்றார். அவள் உடனே கணவருக்குப் போன் போட்டாள். அவர் போன் அணைந்தே கிடந்தது. கம்பெனியில் வேலையை விட்டுவிட்டார் என்றார்கள். அன்றிலிருந்து பல் துலக்குமுன் டேப்பை எடுத்துக்கொண்டு ஜன்னலுக்குப் போனாள். கழுத்து குறைந்தது, தோள் சரிந்தது, சாமான் பை ஒருநாள் காணாமலே போனது. ஒவ்வொரு தடவையும் திரையைப் பிரித்துச் சின்னதாக்கித் தைத்தாள். அதுவரை முகம் கொடுத்துப் பேசாதிருந்த நாத்தனார் வந்து, ஜன்னலின் இடுப்பில் கை வைத்துப் பார்த்து, "என் தம்பி எலும்பா போயிட்டானே" என்று அழுதாள்.

பிறகு ஒரு காலையில் ஜன்னல் நிற்கவில்லை. தரையை ஒட்டி, முழங்காலை மடக்கிப் படுத்திருந்தது. இரண்டு பெண்களும் ஊரிலுள்ள ஆஸ்பத்திரியெல்லாம் ஏறி இறங்கினார்கள், எங்கும் இல்லை. வீடு திரும்பியபோது ஜன்னலின் விளிம்பு நடுங்கிக்கொண்டிருந்தது. மனைவி மெல்லிய திரையைப் பிய்த்தெடுத்துவிட்டுக் கட்டம்போட்ட கம்பளியை மடித்து அடைத்தாள். கொஞ்ச நேரத்தில் நடுக்கம் நின்றது. மறுநாள் மத்தியானம் சுவர் அந்த இடத்தில் மட்டும் கொதித்தது; கம்பளியை எடுத்துவிட்டு ஈரத்துணியை விரித்துக் கட்டினாள். எந்த நேரத்துக்கு எந்தத் துணி என்று கேட்க ஆளில்லை. கனமாகப் போட்டால் மூச்சு முட்டுமோ, லேசாகப் போட்டால் குளிருமோ என்று சுவரோரம் உட்கார்ந்து தவித்தாள். வேலைக்கும் போகவில்லை. "நான் சொன்னது தப்புதாங்க. ஏதாவது சாப்பிடுங்க" என்று ஜன்னலின் காதில் சொன்னாள். பஸ் ஸ்டாப்பில் நின்றவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

வாரங்கள் போயின. ஜன்னல் எழுந்து உட்கார்ந்தது. சுவரைப் பிடித்ததுபோல் சாய்ந்து நின்றது. அவள் பழைய திரையைத் திரும்பப் பொருத்தினாள். ஒரு காலையில் திரையின் வயிற்றுத் தையல் விட்டிருப்பதைக் கண்டு, நாத்தனாருக்குப் போன் போட்டு, "உங்க தம்பிக்குத் தொந்தி வருது" என்றாள்.

அவர் திரும்பிவந்தபோது மணியடித்து, கதவு வழியாகத்தான் வந்தார். எங்கோ ஒரு லாட்ஜில் விஷக் காய்ச்சலில் கிடந்தாராம். கொடியில் காய்ந்த கம்பளியைத் தடவிப் பார்த்து, "இதுதானா அது?" என்று மட்டும் கேட்டார்.

ஜன்னல் மூடிக்கொள்ளவில்லை, அவர்களும் மூடவில்லை. பழைய திரை நைந்ததும் அவரே கடைக்குப் போய் நிற்கிறார். கடைக்காரர் சட்டைக்கு எடுப்பதுபோல் அவருக்கு அளவெடுக்கிறார். அவள் போனில், "கொஞ்சம் தாராளமாவே வெட்டுங்க, இன்னும் சதை போடுவாரு" என்கிறாள்.