ஆறு மாதம் சின்னவன்

வேல்விழி அந்தப் பொய்யை யோசித்துச் சொல்லவில்லை. அச்சங்குளத்திலிருந்து திருத்தங்கலுக்குக் குடிவந்த மூன்றாம் நாள், மகன் செழியனை இடுப்பில் வைத்துக்கொண்டு பால்வாடிக்குச் சத்துமாவு வாங்கப் போனாள். டீச்சர் பாண்டிலட்சுமி நோட்டை விரித்து, "பிள்ளைக்கு எத்தன மாசம்?" என்றாள்.

பதினைந்து மாதம். செழியன் அப்போது பிடித்துக்கொண்டுகூட நிற்க மாட்டான். உட்கார வைத்தால் உட்கார்ந்திருப்பான். சாய்ந்தால் சாய்ந்த பக்கமே கிடப்பான். அச்சங்குளத்தில் அதே வாரம் பிறந்த எதிர்வீட்டுப் பிள்ளை தெருவில் கோழி விரட்டிக்கொண்டிருந்தது. "இன்னுமா நடக்கல?" என்று குழாயடியில் கேட்காதவர்கள் இல்லை. கேட்டுவிட்டு அவனைப் பார்க்கமாட்டார்கள், அவளைத்தான் பார்ப்பார்கள்.

"ஒம்பது மாசம் டீச்சர்," என்றாள்.

"ஊசி போட்ட அட்டை இருக்கா?"

"ஊர்ல இருக்கு. எடுத்துட்டு வாரேன்."

செழியன் மெலிந்த பிள்ளை. எடை ஏழே முக்கால் கிலோ. ஒன்பது மாதத்துக்கு அது சரியாகவே இருந்தது. வளர்ச்சி அட்டையில் அவனுடைய புள்ளி பச்சைக்குள் விழுந்ததும் வேல்விழிக்கு மூச்சு வந்தது.

பிறகு நடந்ததுதான் அவளால் இன்றும் நினைத்துப் பார்க்க முடியாதது. செழியனுக்குக் கால்தான் வரவில்லை, சொன்னதெல்லாம் புரியும். "ஃபேன் எங்கன?" என்றால் மேலே பார்ப்பான். "மூக்கு?" என்றால் தொட்டுக் காட்டுவான். பாண்டிலட்சுமி மற்ற தாய்மார்களைக் கூப்பிட்டுக் காட்டுவாள். "ஒம்பது மாசத்துல எம்புட்டு வெவரம் பாருங்க!" வேல்விழி தலையைக் குனிந்து சிரிப்பாள். வீட்டில் மத்தாப்புப் பெட்டி ஒட்டும்போது அந்த வார்த்தையைத் திரும்பத் திரும்ப மனதுக்குள் சொல்லிப் பார்ப்பாள். ஊரில் இருப்பதாகச் சொன்ன ஊசி அட்டை வீட்டுத் துணிப்பெட்டியின் அடியில் கிடந்தது. டீச்சர் மூன்றாம் முறை கேட்டபோது, தொலைந்துவிட்டது என்றாள்.

நான்கு மாதம் போனது. பால்வாடியில் குழந்தைகளுக்கான முகாம் போட்டார்கள். டாக்டர் சுகிர்தா செழியனின் கையைப் பிடித்துத் தூக்கிப் பார்த்தார், காலை மடக்கி நீட்டினார், வாயைத் திறக்கச் சொல்லி விளக்கடித்தார். ஒவ்வொன்றாக எண்ணினார்.

"பதிமூணு மாசம்னு எழுதியிருக்கு. பதினாறு பல்லு இருக்கே? கோரைப்பல்லு, கடவாப்பல்லு எல்லாம் வந்திருச்சே. தேதி சரிதானா?"

வேல்விழி வாய் திறக்குமுன் பாண்டிலட்சுமி முந்திக்கொண்டாள். "சரிதான் டாக்டர். அட்ட தொலஞ்சு போச்சு. ஆனா இவ தப்பாச் சொல்ற ஆளில்ல. நான் தைரியமாச் சொல்லுவேன்."

சுற்றிலும் பத்துப் பன்னிரண்டு தாய்மார்கள். செழியன் டாக்டரின் விளக்கைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தான்.

"பத்தொம்பது மாசம்," என்றாள் வேல்விழி. குரல் அவளுக்கே கேட்கவில்லை. டாக்டர் குனிந்து, "என்னம்மா?" என்றார். இரண்டாம் தடவை சத்தமாகச் சொல்லவேண்டியிருந்தது.

யாரும் திட்டவில்லை. பாண்டிலட்சுமி மட்டும் அவளை ஒருமுறை பார்த்துவிட்டு வளர்ச்சி அட்டையை எடுத்தாள். சிவப்புப் பேனாவால் பழைய புள்ளிகளை ஒவ்வொன்றாக அடித்து, சரியான மாதத்துக்கு நகர்த்தினாள். எல்லாம் மஞ்சளில் போய் விழுந்தன. பிள்ளை முதல் நாளிலிருந்தே எடை குறைவு. ஊசியும் ஒன்று தள்ளிப்போயிருந்தது.

"தசை தளர்வா இருக்கு, சத்தும் பத்தல," என்றார் டாக்டர். "விருதுநகர் பெரியாஸ்பத்திரில பயிற்சி குடுப்பாங்க. நடந்துருவான். நாலு மாசம் முந்தியே வந்திருக்கலாம்."

சாயங்காலம் கணவன் ஊர்க்காவலன் அச்சகத்திலிருந்து வந்ததும் எல்லாவற்றையும் சொன்னாள். அவன் சட்டையைக்கூடக் கழற்றாமல் சுவரோரம் உட்கார்ந்தான்.

"அடிக்கணும்னா அடிச்சிருங்க," என்றாள்.

"நான் எந்த மூஞ்சிய வச்சுட்டு அடிக்க?" என்றான் அவன். "கம்பெனில நானும் இவனுக்கு ஒரு வயசுன்னுதான் சொல்லி வச்சிருக்கேன்."

இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை. நடுவில் செழியன் கம்மஞ்சோற்றைப் பிசைந்து தரையில் அப்பிக்கொண்டிருந்தான்.

அதன்பின் வாரம் இரண்டு நாள் விருதுநகர் பஸ். அங்கே உருளைத் தலையணை மேல் செழியனைக் குப்புறப் போட்டு உருட்டினார்கள். மேசையைப் பிடித்து நிற்க வைத்தார்கள். கால் நடுங்கும், மூக்கு நுனியில் வேர்க்கும், இருந்தும் அழமாட்டான். அந்தப் பிள்ளையையா மறைத்து வைத்தோம் என்று நினைத்தபடி அவன் மூக்கைத் துடைத்துவிடுவாள்.

இரண்டு வயதும் ஒரு மாதமும் ஆனபோது, வீட்டில் பெட்டி அட்டைகளை மிதித்துக்கொண்டு தானாகவே ஐந்து எட்டு வைத்து நடந்தான். வேல்விழி அவனைத் தூக்கிக்கொண்டு செருப்புக்கூடப் போடாமல் பால்வாடிக்கு ஓடினாள்.

"டீச்சர், நடந்துட்டான்!"

பாண்டிலட்சுமி எழுந்து வந்து அவன் கன்னத்தைக் கிள்ளி முத்தமிட்டாள். முகமெல்லாம் சந்தோஷம். பேனாவை எடுத்தவள், எழுதாமல் நிறுத்தினாள்.

"கீள எறக்கி விடு. நான் பாக்கணும்."

வேல்விழியின் முகம் சுண்டிப்போனது. அவள் சொல் அங்கே இனி போதாது. அதில் டீச்சர் மேல் குறை சொல்ல ஒன்றுமில்லை. குனிந்து மகனைத் தரையில் நிறுத்திவிட்டுக் கையை எடுத்தாள். செழியன் இரண்டு எட்டு வைத்து, ஆடி, இன்னும் மூன்று வைத்தான். பாண்டிலட்சுமி கடைசிவரை பார்த்துவிட்டு எழுத ஆரம்பித்தாள்.