நாற்பத்தொன்றாம் குழி

...அதெப்படி மேட்டுக்கு மேலே ஆற்றுக் கூழாங்கல் ஏறியிருக்கும், பறந்தா போயிருக்கும், என்று காலையில் பிரிவுத் தலைவர் போனில் கேட்டபோது அவளுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது, தன் வீட்டுக்காரர் தோண்டிப் பார்த்து எழுதியதைக் கேள்வி கேட்க இந்த மனுஷன் யார், இருபத்தாறு வருஷம் மண்ணிலேயே கிடந்தவராயிற்றே அவர், செத்து எட்டு மாதம்கூட ஆகவில்லை, அதற்குள் அவர் போட்ட கோட்டைப் பெண்டாட்டியே அழிக்க வேண்டுமாம்... "அழிக்கச் சொல்லலம்மா. சரியான்னு பாருங்க, அவ்வளவுதான். மூணு மணிக்குப் படம் அச்சுக்குப் போகுது." சரி, பார்த்துவிட்டு இவர் முகத்தில் கரியைப் பூசலாம் என்றுதான் மண் மாதிரிகள் வைத்திருக்கும் அறையின் சாவியை எடுத்துக்கொண்டு இறங்கினாள்.

புருஷனுக்கும் பெண்டாட்டிக்கும் ஒரே அலுவலகம், ஒரே வேலை, எந்த மண் தன் பாறை நின்ற இடத்திலேயே மக்கியது, எது தண்ணீர் அடித்துக்கொண்டு வந்து போட்டது என்று பிரித்துப் படம் வரைவது. முதலாவது சிவப்பு, இரண்டாவது மஞ்சள். மேலே பார்த்தால் இரண்டும் ஒரே செம்மண் சரளைதான், ஒரு முழம் தோண்டினால்தான் சாயம் வெளுக்கும். நடந்து போய்ப் பார்த்த எல்லைக்கு முழுக்கோடு, ஊகித்ததற்கு விட்டுவிட்டுப் போடும் கோடு. அவர் விட்டுவிட்டுக் கோடு போட்டதே கிடையாது, "கால் ரெண்டும் நல்லாத்தானே இருக்கு, எதுக்கு ஊகம்?" என்பார், மகா பிடிவாதம், கல்யாணமான புதிதில் அந்தப் பிடிவாதத்தால் காத்திருந்து காத்திருந்து அவள் எத்தனை நாள் ஜீப்பிலேயே தூங்கிப்போயிருக்கிறாள்...

நாற்பத்தொன்றாம் பை, மேட்டு உச்சிக் குழியின் மண். அவர் கையெழுத்து, கொஞ்சம் சாய்ந்து. தட்டில் கொட்டி லென்ஸை வைத்தாள். உருண்டைக் கூழாங்கல், நொறுங்கிய நத்தை ஓடு... நத்தை ஓடா? அந்த மேட்டிலா? நத்தையும் மலையேறிப் போனதாக்கும் என்று சிரிப்புக்கூட வந்தது, அப்புறம் சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது, ஏன் நாற்பதாம் பையைத் தேடி எடுத்தாள் என்று அவளுக்கே தெரியாது, அது மேட்டின் அடியில், ஓடைக்கரையில் தோண்டிய குழி, அதையும் பக்கத்தில் கொட்டினாள், அதே கல், அதே நத்தை, அதே சாம்பல் நிற வண்டல். ஒரே குழியின் மண்ணை இரண்டு பைகளில் கட்டியிருக்கிறார். இவரா? போலி மண் மாதிரி கொண்டுவந்தான் என்று உடன் வேலை பார்த்த ஒருவனோடு வருஷக்கணக்கில் பேசாமலிருந்தவரா? கடவுளே, ஏன்?

ஏனா... அவர் மேட்டில் ஏறவே இல்லை, ஏற முடியவில்லை. அடுத்த மாதமே குளியலறை வாசலில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தாரே, அந்த நெஞ்சு அன்றைக்கே மக்கர் பண்ணியிருக்கிறது. அவள் ஜீப்பிலிருந்து பார்த்தாள், நன்றாகவே பார்த்தாள், சரிவின் பாதியில் ஒரு பாறைமேல் உட்கார்ந்திருந்தார், குறிப்பு எழுதுகிறார் என்று நினைத்து இவள் பாட்டுக்கு ஹாரனை அடித்தாள், பாவி, ஒரு தடவையா, மூன்று தடவை. எழுந்து கையை ஆட்டினார். பிறகு ஓடைப்பக்கம் திரும்பி மறைந்தார், வெகுநேரம் கழித்துப் பையோடு வந்தார், முகமெல்லாம் வியர்வை, "என்ன வெயில்" என்றார். வெயிலா அது? மேகம் போட்டிருந்ததே அன்று.

மண்வெட்டி... ஐயோ, மண்வெட்டி. ஒரு குழி மண் அடுத்த குழியில் கலந்துவிடக் கூடாதென்று ஒவ்வொரு குழிக்கும் பிறகு அதைக் கழுவுவது அவள் வேலை, நாற்பதுக்குப் பிறகு ஓடைத் தண்ணீரில் அவளேதான் கழுவிக் கொடுத்தாள். நாற்பத்தொன்றுக்குப் போன அது பளபளவென்று திரும்பி வந்தது, குவிந்து கிடந்த நாற்பதாம் குழி மண்ணைக் கையாலேயே அள்ளிப் பையில் போட்டிருக்கிறார். "என்னங்க அதிசயமா இருக்கு, நீங்களே துடைச்சிட்டீங்களா?" "உனக்கு ஒரு வேலை மிச்சம், போ" என்று சிரித்தார். இத்தனை வருஷத்தில் முதல்முறையாக என் சிரமம் இந்த மனுஷனுக்குத் தெரிந்திருக்கிறதே என்று அவளுக்கு மனசு குளிர்ந்துபோயிற்று, அன்று முழுக்க அந்தச் சந்தோஷத்திலேயே இருந்தாள்.

மேலே வந்து படத்தை விரித்தாள். மேட்டைச் சுற்றியிருந்த முழுக்கோட்டை அழித்தாள், விட்டுவிட்டு ஒரு கோடு போட்டாள், அவர் பேரில் விட்டுவிட்டுப் போட்ட முதல் கோடு, கோபித்துக்கொள்ளாதீங்க. திருத்தப் படிவத்தை எடுத்தாள். காரணம்: குழி தோண்டப்படவில்லை. எப்படித் தெரிந்தது: மண்வெட்டியில் மண் இல்லை. போன் அடித்தது, தலைவராகத்தான் இருக்கும், மணி மூன்றாகப் போகிறது. இன்னும் ஒரே ஒரு கட்டம் பாக்கி, தெரியவந்த தேதி. இன்றைய தேதியை எழுதப் போனவள் நின்றாள்... அந்த மண்வெட்டியை அன்றைக்கே கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தவள் அவள்தானே, எந்தத் தேதியைப் போடுவது?